படகில் ஒருத்தி சொன்ன “இருக்கு”

அடிக்கடி காரணமில்லாமல் நெஞ்சு படபடத்தது. வாயு என்று பெருங்காய மோர் குடித்தேன். இதயம் என்று இசிஜி எடுத்தேன். மோரில் அடங்கவில்லை, இசிஜியில் கோளாறு தெரியவில்லை.

ஒருநாள் நானும் மனைவியும் புதுச்சேரி நோணாங்குப்பத்தில் படகேறினோம். பாதி வழியில் மறுபடி நெஞ்சு படபடத்து, கை மரத்து, மூச்சு முட்டியது.

“உங்களுக்கு ஒண்ணும் இல்லீங்க,” என்றாள் மனைவி. ஆறுதலாகத்தான் சொன்னாள், எனக்கு அழுகை வந்தது.

பக்கத்தில் இருந்த முன்பின் தெரியாத பெண் திரும்பினாள். “இருக்குண்ணா. எனக்கும் இப்படித்தான் வந்துது. பதட்ட நோய்னு டாக்டர் சொன்னாரு. உயிர் போற மாதிரி இருக்கும், அடங்கிடும். என்கூட மெதுவா மூச்சு விடுங்க.”

கரை வரும்வரை என்னோடு மூச்சு விட்டாள். இறங்கியதும் என் மனைவியே கேட்டாள்: “எந்த டாக்டருகிட்ட காட்டுனீங்க?”

சிகிச்சையில் இப்போது தேறிவிட்டேன். அந்தப் பெண்ணின் பெயர்கூடத் தெரியாது. ஆனால் யாராவது காரணமில்லாமல் பயமாக இருக்கிறது என்றால், “ஒண்ணும் இல்ல” என்று நான் சொல்வதே இல்லை.