வாடாமல்லி உருண்டை

சின்னாளபட்டியில் சூர்யகலா சாயத்தில் முக்கியெடுத்த சுங்குடிச் சேலை வெளுத்துப்போச்சு என்று இதுவரை ஒருத்தரும் வந்து நின்றதில்லை. ஆனால் பேரென்னவோ வீட்டுக்காரருக்குத்தான். ‘ஈஸ்வர் சாயம்’ என்றே கடைக்காரர்கள் கேட்டு வாங்குவார்கள். அவளும் அதுபற்றி ஒருநாளும் வாயைத் திறந்ததில்லை.

போன வருஷம் கையெல்லாம் வெடித்துப் புண்ணாகிவிட்டது. இனிச் சாயத்தொட்டியில் கை வைக்கவே கூடாது என்று சொல்லிவிட்டார் டாக்டர். மனுஷி இடிந்துபோனாள். அழுது தீர்த்துவிட்டு அடுப்பைப் பற்றவைத்தாள் பாருங்கள், அதுதான் சூர்யகலா! தேங்காய் உருண்டை பிடித்து, உருக்கிய வெள்ளைச் சாக்லேட்டில் முக்கி, அக்கம்பக்கத்தில் விற்கத் தொடங்கினாள்.

அது திண்டுக்கல் டெய்சி டீச்சர் காதுவரை போனது. மகள் நிச்சயதார்த்தத்துக்கு உருண்டை கேட்டு வந்தவர், பெண் கட்டப்போகும் வாடாமல்லிச் சுங்குடியின் நிறத்திலேயே மேல்பூச்சு வேண்டும் என்று அதன் ரவிக்கைத் துணியைக் கொடுத்தார். பார்த்ததுமே சூர்யகலாவுக்கு அடையாளம் தெரிந்துவிட்டது. கை புண்ணாவதற்கு முன் கடைசியாக அவள் சாயம் போட்ட சேலை அது. அந்த நிறத்தை இன்னொரு தடவை கொண்டுவந்துவிட்டால் தன் கைவேலை செத்துப்போகவில்லை, வராவிட்டால் அவ்வளவுதான் என்று மனசுக்குள் முடிவுகட்டிக்கொண்டாள். துணியை வாங்கிப் பத்திரமாக மடித்து வைத்தாள்.

நிச்சயதார்த்தத்துக்கு முந்தின நாள் மத்தியானம் சாக்லேட் தளதளவென்று உருகி நின்றது. சாயக்காரி கை சும்மா இருக்குமா? வருஷக்கணக்கான பழக்கம், பலகாரத்துக்குப் போடும் கலர்ப்பொடியை வெந்நீரில் கரைத்து ஊற்றிவிட்டாள். கிண்டக் கிண்ட அது குழைத்த சிமெண்ட் மாதிரி கட்டிதட்டிப்போனது. வேறொருத்திக்கு இந்தத் தப்பு வந்தே இருக்காது.

கடையில் வாங்கிக் கொடுத்துவிடலாமே என்றார் ஈஸ்வர். அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கொழுப்பில் செய்த பண்டத்துக்குத் தண்ணீர் ஆகாதென்றால் எண்ணெய் ஆகும் என்று யோசித்தாள். பாத்திரத்தை ஈரம் போகத் துடைத்து, மீதிச் சாக்லேட்டை உருக்கி, பொடியைத் துளி தேங்காயெண்ணெயில் குழைத்துச் சேர்த்தாள். வழவழவென்று கலந்துகொண்டது. ஆனால் நிறம் வெளிறித் தெரிந்தது. இன்னும் அள்ளிப் போடச் சொன்னார் ஈஸ்வர்.

“இளக்கத்துல நிறம் பாக்கக் கூடாதுங்க. செத்த நேரம் இறுகட்டும்,” என்றாள்.

தட்டில் ஒரு சொட்டு விட்டுக் காத்திருந்தாள். இறுகியதும் நிறம் ஏறியிருந்தது, ஆனாலும் துணியின் நிறத்துக்கு வரவில்லை. ஒரு சிட்டிகை சேர்த்து மறுபடி சொட்டு, மறுபடி காத்திருப்பு. அம்மாடி, என்ன பொறுமை! பொழுது சாய்வதற்குள் உருண்டையெல்லாம் வாடாமல்லியாகி நின்றன.

மறுநாள் காலையில் டெய்சி டீச்சர் ஒன்றை எடுத்து ரவிக்கைத் துணிமேல் வைத்துப் பார்த்து அசந்துபோனார்.

“ஈஸ்வர் அண்ணே, உங்க சாயத்தை சூர்யா அப்படியே பிடிச்சிட்டாங்களே,” என்றார்.

ஈஸ்வர் வாயெடுப்பதற்குள் சூர்யகலா முன்னால் வந்தாள்.  ரவிக்கைத் துணியைத் தொட்டுக் காட்டினாள்.

“அந்தச் சேலைக்குச் சாயம் போட்டதும் நாந்தான் டீச்சர்.”