தூங்கியவனோடு செய்த உடன்படிக்கை

மர்சலிக்கும் பொறுமைக்கும் வெகு தூரம். கஞ்சி கொதிக்கட்டும் என்று விடமாட்டாள். அடுப்பை ஊதி ஊதியே கண்ணைச் சிவக்க வைத்துக்கொள்வாள். சபையில் வேதத்துச் சங்கீதம் பாடும்போது, முன்பாடுகிறவர் ஒரு வரியை எடுத்துக் கொடுத்து முடிக்கும் முன்பே இவள் குரல் அடுத்த வரியில் போய் நிற்கும். பதினான்கு வயதிலிருந்து கடற்கரையில் கருவாடு காயப்போடுகிற வேலை. லூயிஸ் தீவின் வட முனையில் எங்கள் பெண்களுக்கெல்லாம் அதுதான் பிழைப்பு. ஆண்கள் கொண்டுவரும் மீனைப் பிளந்து, உப்பிட்டு, கல்லின்மேல் பரப்பி, கடற்காக்கை கொத்தாமல் நாளெல்லாம் விரட்ட வேண்டும். மர்சலி கையை ஓங்கினால் காக்கை மட்டுமல்ல, பக்கத்தில் நிற்கிற ஆளும் இரண்டடி தள்ளிப் போவான்.

அப்பேர்ப்பட்டவள் ஒன்பது மாதம் பல்லைக் கடித்துக்கொண்டு காத்திருந்தாள். எல்லாம் அவள் மகன் ரூரிக்காக. பிள்ளை பிறந்து, உட்கார்ந்து, தவழவும் ஆரம்பித்துவிட்டான். ஞானஸ்நானம் மட்டும் ஆகவில்லை.

எங்கள் சபையில் தகப்பன்தான் பிள்ளையைக் கையில் ஏந்தி எல்லோர் முன்னாலும் நின்று வாக்குக் கொடுக்க வேண்டும். இவள் புருஷன் டோர்கில் நிற்கமாட்டேன் என்றுவிட்டான். கெட்டவன் இல்லை, பாவம். கடலில் இரண்டு ஆள் வேலையை ஒருவனாகச் செய்வான். ஆனால் இரண்டு வருஷத்துக்கு முன் சபையை நடத்தும் மூப்பர்கள் முன்னால் நின்று, இனி குடிக்கமாட்டேன் என்று வாக்குக் கொடுத்தான். மாட்டுச் சந்தை வரைக்கும் காப்பாற்றினான். சந்தையன்று யாரோ ஒருவருடைய வண்டியில் மல்லாந்து படுத்தபடி, சங்கீதத்தை வேறு ஏதோ ராகத்தில் பாடிக்கொண்டு ஊர் வந்து சேர்ந்தான். ஊரே பார்த்தது. அதற்குப் பிறகு வீட்டில் ஒரே பேச்சுதான்.

"ஒரு வாக்கைக் குடுத்து ஒடச்சவன் நான். புள்ள தலையில கைய வச்சு இன்னொண்ணு குடுத்து, அதையும் ஒடைக்கணுமா? என் பாவம் என்னோட போகட்டும், மர்சலி."

"ஒன்னோட எங்க போவுது? என் புள்ள தலையிலல்ல விடியுது. வாக்குத்தத்தம் நமக்கும் நம்ம புள்ளைங்களுக்கும்னு வேதத்துல இருக்கா இல்லையா? அவன் பங்கத் தடுக்க நீ யாரு?"

 டோர்கில் வலையை எடுத்து வைத்துக்கொண்டு முடிச்சுப் போடுவான்.

எங்கள் சபைக்கு அப்போது போதகர் இல்லை. அப்பமும் ரசமும் பகிர்கிற திருவிருந்துக் காலத்தில் மட்டும் நிக்கல்சன் ஐயர் கடல் தாண்டி வருவார். வியாழனில் தொடங்கி திங்களோடு முடியும். அந்தத் திங்களை விட்டால் டோர்கில் கிழக்குக் கரைக்கு மீன்பிடிக்கப் போய்விடுவான்; அடுத்த திருவிருந்து வரும்போது ரூரி நடந்தே சபைக்கு வருவான். அதுவரை பிள்ளை ஞானஸ்நானம் இல்லாமலே கிடக்க வேண்டுமா? அந்த வருஷம்தான் எங்கள் ஊரில் தட்டம்மை வேறு.

வெள்ளிக்கிழமையைக் கேள்வி நாள் என்போம். அன்று பேச்சு ஆண்களுக்கு. ஒருவர் எழுந்து வேதத்திலிருந்து ஒரு பகுதியைச் சொல்லிக் கேள்வி வைப்பார். பக்தியில் பேர்பெற்றவர்கள் ஒவ்வொருவராக எழுந்து பேசுவார்கள். அன்று சரிவான புல்மேட்டில் ஜனங்கள் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். கேள்வி ஆபிரகாமோடு தேவன் செய்த உடன்படிக்கையைப் பற்றி. அதற்குள் இருக்கிறவனுக்கும் வாசலிலேயே நிற்கிறவனுக்கும் அடையாளம் என்ன?

ஒருவர் எழுந்தார்: உள்ளே இருக்கிறவன் தன் பாவத்துக்காக ராத்திரி அழுவான். இன்னொருவர்: உலகம் அவனுக்குக் கசக்கும். கடைசியில் மூப்பர் ஈவர் எழுந்தார். ஈவர் எழுந்தால் நாய்கூடக் குரைப்பதை நிறுத்தும். மகன் கனடாவுக்குப் போய் ஒரு கடிதமும் போடாத நாளிலிருந்து அந்த மனிதர் சிரித்து யாரும் பார்த்ததில்லை.

"குடுத்த வாக்கக் காப்பாத்துறவன் உள்ள இருக்கான்," என்றார். "காப்பாத்தாதவன் வாசல்லகூட இல்ல."

யாரையும் பார்த்துச் சொல்லவில்லை. பார்க்கவும் தேவையில்லை. டோர்கில் தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டு, குனிந்த தலை நிமிராமல் கூட்டத்தைவிட்டுப் போனான். மர்சலிக்கு உடம்பெல்லாம் எரிந்தது. எழுந்து கத்தலாமா என்று பார்த்தாள். பெண்பிள்ளை சபையில் கத்தினால் அப்புறம் ரூரிக்கு ஞானஸ்நானம் இந்த ஆயுசில் கிடைக்காது.

பிறகு நிக்கல்சன் ஐயர் முடித்துவைக்க எழுந்தார். "அடையாளமெல்லாம் சரிதான்," என்றார். "இப்ப அந்த உடன்படிக்கை நடந்த சாயங்காலத்தக் கொஞ்சம் பாருங்க. கிடாரிய, ஆட்ட ரெண்டாப் பிளந்து எதிரெதிரா வச்சாச்சு. அந்தக் காலத்துல உடன்படிக்கை பண்றவங்க நடுவுல நடப்பாங்க. நான் வாக்கு மீறினா என்னையும் இப்படிப் பிளக்கட்டும்னு அர்த்தம். ஆபிரகாம் நடந்தாரா? பறவைங்க வந்து எறங்குச்சு, வெரட்டுனாரு. பொழுது சாய்ஞ்சுது, அசந்து தூங்கிட்டாரு. புகையும் நெருப்புமா தேவன் மட்டும் தனியா நடந்தாரு. ரெண்டு பேருக்கும் சேர்த்து."

மர்சலி வேதத்தில் அந்த இடத்தை எத்தனையோ தடவை கேட்டிருக்கிறாள். அன்றைக்குத்தான் அது காதுக்குள் போனது. பிளந்து வைத்தது, பறவை விரட்டுவது, அதெல்லாம் அவள் தினமும் செய்கிற வேலை. ஆபிரகாமுக்கும் அவ்வளவுதானா வேலை?  ஐயர் ஜெபம் சொல்லி முடிக்கவில்லை, இவள் ரூரியைச் சால்வையில் சுற்றிக்கொண்டு எழுந்துவிட்டாள். பின்னால் பெண்கள் முணுமுணுத்தார்கள். முணுமுணுக்கட்டும்.

வீட்டில் டோர்கில் இல்லை. மூலையில் இருந்த மூட்டையும் இல்லை. திங்களுக்குக் காத்திராமல் ஸ்டோர்னோவே துறைமுகத்துக்கு நடையைக் கட்டிவிட்டான், தடியன். மர்சலி காலணியைக் கழற்றி எறிந்துவிட்டு, பிள்ளையோடு சதுப்பு நிலத்துக்குக் குறுக்கே ஓடினாள். முழங்கால் வரை சேறு. ரூரிக்கு அது பெரிய வேடிக்கை. அவள் ஒவ்வொரு பள்ளத்தைத் தாண்டும்போதும் கெக்கெக்கே என்று சிரித்தான்.

பாதையில் அவன் முதுகைக் கண்டதும் கத்தினாள். "ஏ டோர்கில், நில்லு. ஓடுனே, காலை ஒடிச்சுப்புடுவேன்."

அவன் நின்றான். கண் சிவந்திருந்தது. "அந்தாளு சொன்னதக் கேட்டியா?"

"அவர் சொன்னதக் கேட்டுட்டு நீ எந்திரிச்சுப் போயிட்ட. ஐயர் சொன்னத யாரு கேக்குறது? உக்காரு." மூச்சு வாங்கியது அவளுக்கு. "உடன்படிக்கை பண்ணும்போது ஆபிரகாம் என்ன பண்ணாரு தெரியுமா?"

"என்ன பண்ணாரு?"

"காக்கா வெரட்டுனாரு. அப்புறம் தூங்கிட்டாரு."

டோர்கில் அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தான். "வெளையாடுறியா?"

"சத்தியமா. நடந்தது தேவன் மட்டுந்தான். ஆபிரகாம நடக்கச் சொல்லவே இல்ல. சொல்லியிருந்தா அவரும் ஒடச்சிருப்பாருய்யா. தேவன் சொன்ன புள்ளைக்குக் காத்திருக்காம அடுத்த அதிகாரத்துலயே வேலைக்காரியச் சேத்துக்கிட்டாரே, தெரியாதா ஒனக்கு? காக்கா வெரட்டுறதுக்கு நான் இருக்கேன். தூங்குறதுல ஒன்ன மிஞ்ச இந்தத் தீவுல ஆளு கெடையாது. வேற என்ன வேணும்?"

அவன் சிரிக்கப் பார்த்தான், முடியவில்லை. "ஒடைச்சா?"

"ஒடைப்ப. ஒடைக்கமாட்டேன்னு யாரு சொன்னா? மீறுனா என்னப் பிளக்கட்டும்னு தேவன் நடந்தாரு. மீறுனது நாம. பிளந்தது அவர, சிலுவையில. ஞாயித்துக்கெழமை அந்த அப்பத்தப் பிட்டு என்னத்தச் சொல்றாங்கன்னு நெனச்ச?"

 டோர்கில் ரூரியைக் கேட்டுக் கை நீட்டினான். பிள்ளையை வாங்கித் தன் சட்டையோடு சேர்த்து அணைத்துக்கொண்டான். பிறகு மூட்டையை மர்சலியிடம் கொடுத்துவிட்டு, வந்த வழியே திரும்பி நடந்தான்.

சனிக்கிழமை மூப்பர்கள் கூடினார்கள். பெண்களுக்கு உள்ளே இடமில்லை. மர்சலி ஜன்னலுக்குக் கீழே நின்றாள். தெரிந்தும் யாரும் அவளை விரட்டவில்லை, விரட்டினாலும் போகிற ஆளா?

"டோர்கில்," என்றது ஈவரின் குரல். "இந்த எடத்துலதான் ஒரு வாக்குக் குடுத்த. இப்பக் குடுக்கப் போறதக் காப்பாத்துவியா?"

"மாட்டேன், மூப்பரே."

உள்ளே நாற்காலி நகர்ந்தது.  அடப் பாவி, கெடுத்தானே என்று மர்சலி நினைத்தாள்.

"முழுசாக் காப்பாத்த என்னால முடியாது. மொத தடவ முடியும்னு சொன்னேன், அதுதான் நான் சொன்ன பொய். என் புள்ளையக் காப்பாத்துறதா வாக்குக் குடுத்தவரு வேற ஒருத்தர். அவரப் பிடிச்சிக்கிட்டு நான் நிக்குறேன். விழுந்தா எந்திரிச்சு மறுபடி பிடிச்சிக்கிறேன். இவ்வளவுதான் எங்கிட்ட இருக்கு."

"இதென்ன வாக்கு?" என்றார் ஈவர். "இது கேலி."

"ஈவர்," என்றார் நிக்கல்சன் ஐயர் மெதுவாக. "ஒங்க மகனக் கையில வச்சுக்கிட்டு நீங்களும் இதே வாக்கக் குடுத்தீங்க. காப்பாத்துனீங்களா?"

 கதவு திறந்தது. ஈவர் வெளியே வந்தார். மர்சலியைத் தாண்டி, அவளைப் பார்க்காமல் கடல் பக்கம் நடந்துபோனார். திங்களன்று ஞானஸ்நானம் உண்டு என்று ஐயர் வந்து சொன்னார். மர்சலிக்குத் துள்ளிக் குதிக்கலாம் போலவும் இருந்தது, போகிற அந்த முதுகைப் பார்த்தால் பாவமாகவும் இருந்தது.

திங்கட்கிழமை சபை நிரம்பி வழிந்தது. சனிக்கிழமை நடந்தது ஞாயிறு முழுக்கத் தீவைச் சுற்றி வந்திருக்குமே. டோர்கில் ரூரியை ஏந்தி முன்னால் நின்றான். மூப்பர்கள் வரிசையில் ஈவர் கல்லாக உட்கார்ந்திருந்தார். எழுந்து போய்விடுவாரோ என்று மர்சலி முன்வரிசையில் விரலைச் சொடுக்கிக்கொண்டே இருந்தாள்.

ஐயர் கேட்டார்: இந்தப் பிள்ளையைக் கர்த்தருக்குப் பயந்தவனாக வளர்க்க வாக்குக் கொடுக்கிறாயா?

டோர்கிலின் வாய் அசைந்தது. குரல் வரவில்லை. ஐயர் மறுபடி கேட்டார்.  ஓடிப்போய் அவனுக்குப் பதிலாகச் சொல்லிவிடலாமா என்று மர்சலி பெஞ்சின் விளிம்புக்கு வந்துவிட்டாள்.

அப்போது ஈவர் எழுந்தார். சபை முழுக்கத் திரும்பியது. அவர் கதவுப் பக்கம் போகவில்லை. டோர்கிலின் அருகே வந்து, பிள்ளையைத் தாங்கியிருந்த அவன் முழங்கைக்கு அடியில் தன் கையைக் கொடுத்தார்.

"நானும் ஒடச்சவன்தான்டா," என்றார். ரகசியமாகச் சொல்லத்தான் நினைத்தார், ஆனால் அந்தக் குரலுக்கு ரகசியம் தெரியாது. "கனடாவுல இருக்கானே, அவனும் இந்த எடத்துல ஞானஸ்நானத் தண்ணி வாங்குனவன். கர்த்தர் அவன விட்டுருக்கமாட்டாரு. சொல்லு. நானும் ஒன்கூடச் சொல்றேன்."

இருவரும் சேர்ந்து சொன்னார்கள். ஈவரின் குரல் பாதியில் உடைந்தது. டோர்கிலுடையது கடைசிவரை போனது. மர்சலி சபையென்றும் பாராமல் வாய்விட்டு அழுதாள், அவளை அதட்ட அன்று ஒருவருக்கும் வாய் வரவில்லை.