சம்பந்திகள் ஆடிய ரிசப்ஷன்

என் தங்கையின் கல்யாணத்தில் எனக்கு வந்த வேலை, ரிசப்ஷனில் யாருக்குப் பின் யார் ஆடுவது என்று முடிவு செய்வது. மண்டபம் பார்ப்பது, சமையல்காரரைப் பிடிப்பது போன்ற கௌரவமான வேலைகளைச் சித்தப்பாக்கள் எடுத்துக்கொண்டார்கள். மிஞ்சியதை அம்மா என் தலையில் கட்டினாள்.

எங்களுக்கு சிவகாசியில் காலண்டர் அச்சடிக்கும் பிரஸ். மாப்பிள்ளை வீட்டாருக்கு நாரணாபுரம் பக்கம் பட்டாசு கம்பெனி. தீபாவளி கழிந்தால் அவர்களுக்கு மூச்சு வரும், பொங்கல் கழிந்தால் எங்களுக்கு. அதனால் தை மாதக் கடைசியில் கல்யாணம் வைத்தார்கள். டான்ஸ் வேண்டும் என்று தங்கை கேட்டபோது அப்பா உடனே சம்மதித்தார். யாரோ ஒரு சிறுமி வந்து பரதநாட்டியம் ஆடப்போகிறாள் என்று அவர் நினைத்திருந்தது பிறகுதான் தெரிந்தது.

தங்கையின் கல்லூரித் தோழிகள், மாப்பிள்ளையின் நண்பர்கள், எங்கள் சித்தி மகள்கள், கடைசியில் பொண்ணும் மாப்பிள்ளையும் ஜோடியாக. இதுதான் நான் போட்ட வரிசை. நன்றாக ஆடுகிறவர்களை முதலில் விட்டால் பின்னால் வருகிறவர்கள் பாவம். சுமாரானவர்களை முதலில் விட்டால் கூட்டம் எழுந்து போய்விடும். எங்கள் ஊரில் ரிசப்ஷன் என்பது, சாப்பாட்டுக் கூடத்தின் கதவு திறக்கும்வரை ஜனங்கள் மரியாதைக்காக உட்கார்ந்திருப்பது. ஆடுகிறவர்களுக்கு உண்மையான போட்டி எண்ணெய் பரோட்டாதான்.

ஒத்திகை எங்கள் பேப்பர் குடோனில் நடந்தது. மதுரையிலிருந்து வந்த டான்ஸ் மாஸ்டர், ஜோடி ஆடும்போது இருபுறமும் சுடாத பொறி கிளப்ப ஒரு மெஷின் கொண்டுவந்திருந்தார். சேதி கேட்டு மாப்பிள்ளையின் அப்பாவே நேரில் வந்துவிட்டார். மெஷினைத் தலைகீழாகக் கவிழ்த்து அடியில் ஒட்டியிருந்ததைப் படித்தார். சீனாவில் செய்தது.

"பேப்பர் குடோனுக்குள்ள வச்சு பொறி விடப் போறீகளாக்கும்? அதுவும் எங்க வீட்டுக் கல்யாணத்துக்குச் சீனாக்காரன் பொறி," என்றார்.

மாஸ்டர் மெஷினை வேனில் ஏற்றினார். அடுத்து டான்ஸையும் நிறுத்தச் சொல்வார் என்று நான் காத்திருந்தேன். அவரோ ஒரு நாற்காலி கேட்டு வாங்கி உட்கார்ந்து, மகனின் நண்பர்கள் ஆடுவதை முழுக்கப் பார்த்தார். டீ குடித்தார். கிளம்பிப் போய்விட்டார்.

மறுநாள் காலையில் அவரிடமிருந்து எனக்கு போன் வந்தது. "ஏம்மா, நடுவுல எங்கனயாச்சும் எனக்கும் ஒரு எடம் போட்டு வைம்மா," என்றார். எதற்கு இடம் என்று கேட்டேன். "ஆடத்தான்," என்றார்.

அப்பாவிடம் யோசனை கேட்டது என் புத்திகெட்டதனம். அவர் கையிலிருந்த அச்சுத் தாளைக் கீழே வைத்தார். "சம்பந்தி ஆடுறாகன்னா நான் மட்டும் பந்தியில எலை போட்டுக்கிட்டு நிக்கணுமா?" என்றார். கோயில் பொங்கலில் மேளம் காதைக் கிழிக்கும்போதுகூட ஒரு விரலை அசைக்காத மனிதர் அவர். அவருக்கு ஒரே ஒரு நிபந்தனை இருந்தது. சம்பந்திக்குப் பின்னால் ஆட மாட்டாராம். சம்பந்தியைக் கேட்டால் அவரும் அதையே மிகவும் பணிவாகச் சொன்னார். அதன்பின் இருவரும் ஒருவரையொருவர் வாயாரப் புகழ்ந்துகொண்டார்கள், வரிசையில் மட்டும் ஓர் அங்குலம் விட்டுக்கொடுக்கவில்லை.

அம்மாதான் முடித்து வைத்தாள். "ரெண்டு பேத்தையும் ஒண்ணா எறக்கி விட்டுரு. விழுந்தா ஒண்ணா விழட்டும்."

ஜோடி ஆட்டத்துக்கு முன்னால் அவர்களைப் போட்டேன். மாஸ்டர் அப்பாவுக்குத் தனியாகப் பயிற்சி கொடுத்தார். கை அசைந்தால் அப்பாவுக்குக் கால் நின்றுவிடும், கால் அசைந்தால் கை. கடைசியில் மாஸ்டர், "நீங்க சும்மா நடந்தாலே போதும் சார்," என்றார். அப்பா அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டார்.

ரிசப்ஷன் அன்று பொண்ணும் மாப்பிள்ளையும் மேடையில் நிற்க, அவர்களோடு போட்டோ எடுக்க வந்த வரிசை மண்டப வாசல்வரை நீண்டிருந்தது. மேடைக்குக் கீழே ஆட்டம். தோழிகள் ஆடினார்கள், நண்பர்கள் ஆடினார்கள். சித்தி மகள்கள் பாதி ஆடிக்கொண்டிருக்கும்போது, பரோட்டா ஆறிப்போகிறது என்று சமையல்காரர் கதவைத் திறந்துவிட்டார். நாற்காலிகள் பாதி காலி.

அந்த நேரம் பார்த்துத்தான் அப்பாக்கள் இறங்கினார்கள். பாட்டு தொடங்கியதும் சம்பந்தி கையையும் காலையும் வீசிப் பிரமாதமாக ஆடினார். அப்பாவுக்கு எல்லாம் மறந்துபோனது. என்ன செய்வதென்று தெரியாமல் கூட்டத்தைப் பார்த்துக் கும்பிட்டார். பிறகு வலப்பக்கம் திரும்பிக் கும்பிட்டார், இடப்பக்கம் கும்பிட்டார். நிலைமையைப் புரிந்துகொண்ட சம்பந்தி அவரையே சுற்றிச்சுற்றி ஆட ஆரம்பித்தார். சாமியைச் சுற்றி ஆடுவதுபோலவே இருந்தது. கூட்டம் இதெல்லாம் சொல்லிக்கொடுத்துச் செய்வது என்று நம்பிவிட்டது. சேதி பந்திக்குப் போய், ஜனங்கள் எச்சில் கையோடு எழுந்து வந்தார்கள். எங்கள் கட்டிங் மெஷின் ஆட்கள் அடித்த விசில் இன்னும் காதில் இருக்கிறது. மறுபடியும் ஆடச் சொன்னார்கள். மூன்றாம் தடவை அப்பா இடது தோளை ஆட்டினார். இடதை மட்டும்தான்.

பந்தியிலிருந்து திரும்பி வந்தவர்கள் அப்படியே போட்டோ வரிசையில் சேர்ந்துகொண்டார்கள். பொண்ணும் மாப்பிள்ளையும் மேடையைவிட்டு இறங்கவே முடியவில்லை. அவர்களுக்கான பாட்டு போடப்படாமலே ரிசப்ஷன் முடிந்தது. தங்கை கேமராவைப் பார்த்துச் சிரித்தபடி, பல்லைக் கடித்துக்கொண்டு என்னிடம், "கீழ எறங்கி வந்து வச்சுக்கிடுதேன் ஒன்னைய," என்றாள். அத்தோடு என்னிடம் பேசுவதையே நிறுத்திவிட்டாள்.

வீடியோ வந்ததும் சம்பந்தி குடும்பத்தோடு எங்கள் வீட்டுக்கு வந்தார். அவரும் அப்பாவும் டிவி முன்னால் உட்கார்ந்து, தங்கள் ஆட்டத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தார்கள். அப்பாவின் தோள் பாட்டுக்குக் கொஞ்சம் பிந்திவிட்டது என்றார் சம்பந்தி. அப்பா யோசித்துவிட்டு ஒப்புக்கொண்டார். மற்றவர்கள் ஆடிய பகுதி வந்தபோது இருவரும் ஓட்டிவிட்டார்கள்.

காபி போட அடுப்படிக்குப் போனேன். தங்கை பின்னாலேயே வந்தாள். பாலை அடுப்பில் வைத்துவிட்டு, "அப்பா தோள ஆட்டுனது நெசமாவே நல்லாருந்துச்சுல்ல?" என்று கேட்டாள்.

நல்லாத்தான் இருந்தது என்றேன்.