அந்தக் கவிக்காரிக்குச் சோறாக்கியது யார்?

"...அதெல்லாம் இருக்கட்டும் தம்பி, அவளுக்கு யாரு சோறாக்கிப் போட்டா? மொதல்ல அதச் சொல்லு" என்றார் அக்கா, முறத்து அரிசியில் கல் பொறுக்கியபடியே.

பர்மாவில், தாகேதா என்கிற எங்கள் பேட்டையில், அம்மன் கோயிலுக்குத் தீமிதிப் பாட்டு கட்டுகிறவர் அவர். வருஷத்துக்கு ஒன்று, புதுசாக. தமிழ் வாசிக்கத் தெரியாத பிள்ளைகள் அதைப் பர்மிய எழுத்தில் எழுதிவைத்துக்கொண்டு பாடும். இந்த வருஷம் முடியாது என்று சொல்லியனுப்பிவிட்டார். அப்படியானால் போனில் இருக்கிற ஏதாவது பாட்டைப் போட்டுக்கொள்ளலாம் என்றார்கள் கோயில்காரர்கள். எனக்கு மனசு கேட்கவில்லை. பேசிப் பார்க்கிறேன் என்று கிளம்பினேன்.

வெறுங்கையோடு போவானேன் என்று ஒரு கதையைக் கொண்டுபோனேன். பன்சோடான் தெரு நடைபாதையில் வாங்கிய பழைய இங்கிலீஷ் புத்தகத்தில் இருந்தது. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு மாசக்கணக்காக எழுத்துக் கூட்டிப் படித்தது. நூறு வருஷத்துக்கும் வெகு முந்தி அமெரிக்காவில் ஒருத்தி இருந்தாள். வீட்டைவிட்டு வெளியே வரமாட்டாள். ரொட்டி சுடும்போது வரி தோன்றினால் கைக்குக் கிடைத்த துண்டுக் காகிதத்தில் எழுதிவிடுவாள். அவள் இருந்தவரை அச்சில் வந்தது கொஞ்சம்தான், செத்த பிறகுதான் அத்தனை கவிதையும் வெளியே வந்தது என்று சொன்னேன். "யாரும் கேக்காமலே எழுதுனா அக்கா. ஒங்கள ஊரே கேக்குது" என்று முடித்தேன். அதற்குத்தான் அந்தக் கேள்வி.

"ரொட்டி அவளே சுடுவா அக்கா."

"ரொட்டி சரி. துணி யாரு தொவைச்சா? தண்ணி யாரு எடுத்தா?"

பொய் சொல்ல வாய் வரவில்லை. "வேலைக்காரி இருந்தாளாம். தங்கச்சி ஒருத்தி, கல்யாணங் கட்டிக்காம கூடவே இருந்து வீட்டப் பாத்துக்கிட்டாளாம்."

"அப்பிடி வா வழிக்கு!" என்று சிரித்தார். சிரிப்பிலும் அலுப்புத்தான். "மத்தளத்துக்கு ரெண்டு பக்கம் அடிம்பாங்க. எனக்கு எத்தனை பக்கம்னு எண்ணவே நேரமில்ல."

விடியுமுன்னே டீக்கடையில் பராத்தா மாவு பிசையப் போகிறார். திரும்பி வந்தால் படுக்கையில் கிடக்கும் கணவர். தாய்லாந்துக்கு வேலைக்குப் போன மகள் விட்டுப்போன இரண்டு பிள்ளைகள். இத்தனைக்கும் மேலே கரண்ட். அது எப்போது வருகிறதோ அப்போதுதான் உலை, அப்போதுதான் தொட்டிக்குத் தண்ணீர்.

"பாட்டு வராம இல்ல தம்பி. வருது. வாசல்ல நின்னு பாத்துட்டுப் போயிடுது. உள்ள வந்து உக்காருன்னு சொல்ல ஆளில்ல."

  

"மீ லாபீ!" என்று தெருப் பிள்ளைகள் கத்தின. கரண்ட் வந்துவிட்டது. அக்கா ஓடிப்போய் மோட்டாரைப் போட்டார். வந்த வேகத்தில் கரண்ட் குக்கர் சட்டியில் அரிசியைக் கொட்டினார். நான் எழுந்து கையை நீட்டினேன்.

"குடுங்கக்கா, நான் களையறேன்."

"ஒனக்குத் தண்ணி அளவு தெரியுமா?"

"வெரல் கணு வச்சுப் பாப்பேன்."

"கொழைஞ்சா நீதான் திங்கணும், பாத்துக்க."

சட்டியை என் கையில் வைத்துவிட்டு, சுவரில் சாய்ந்து, காலை நீட்டி, கண்ணை மூடிக்கொண்டார். தூங்கிவிட்டார் என்றே நினைத்தேன். இரண்டாம் தண்ணீரை நான் வடித்துக்கொண்டிருந்தபோது, கண்ணைத் திறக்காமலே, தொடையில் மெல்லத் தாளம் தட்ட ஆரம்பித்தார்.