சிமெண்ட் பெட்டி என்று நான் சொன்ன மண்டபம்

இன்று காலை எங்கள் ஊர் வாட்ஸ்அப் குழுவில், கடைத்தெரு கல்யாண மண்டபத்தைப் புதுப்பிக்க யோசனை கேட்டிருந்தார்கள். இரண்டாம் உலக யுத்தம் முடிந்த சில வருஷங்களில் கட்டிய மொட்டைச் சிமெண்ட் கட்டடம் அது.

"முகப்பில் கோபுரமும் யாளித் தூணும் வையுங்கள், தஞ்சாவூர்ச் சீமை என்று தெரியட்டும்" என்று எழுதினேன். நிறையப் பேர் கைகூப்பும் படம் போட்டார்கள்.

மன்னார்குடி கோயிலுக்குப் போய்விட்டு பஸ்ஸில் திரும்பும்போது, ஜன்னலில் அந்த மண்டபம் தெரிந்தது. பக்கத்தில் இருந்த, என் வயதுப் பெண்ணிடமும் என் யோசனையைப் பெருமையாகச் சொன்னேன்.

"எங்கம்மா கல்யாணம் இதுலதாங்க நடந்துச்சு" என்றார்.

"இந்த சிமெண்ட் பெட்டியிலயா?"

"முன்னாடி இங்க இருந்தது தூண் வச்ச மண்டபம். எங்க தெருக்காரங்க எச்சில் இலை எடுக்க மட்டும் கொல்லைப் பக்கமா போவாங்களாம். இதைக் கட்டினப்பதான் எல்லாருக்கும் ஒரே வாசல். தூண் வைங்க, நல்லாத்தான் இருக்கும். வாசல மட்டும் மாத்திடாதீங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். மடியிலிருந்த பிரசாதத்தை அவரிடம் நீட்டக்கூட எனக்குக் கூச்சமாக இருந்தது.

வீட்டுக்கு வந்ததும் குழுவில் எழுதியதை அழித்தேன். அப்போது பாத்திரம் தேய்க்கும் செல்வி வந்து, பதினோரு வருஷ வழக்கப்படி, கொல்லைக் கதவைத் தட்டினார்.

"இனிமே வாசப்பக்கமா வாங்க செல்வி" என்றேன்.

"ஏங்க்கா, கொல்லைக் கதவு பூட்டு கெட்டுப்போச்சா?"

ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.

நாளைக்கு என்ன சொல்வது என்று தெரிந்தவர்கள் எழுதுங்கள்.