தரையில் இறங்காத கூடைகள்

சிட்டம்மாள் கத்தரிக்காய் விற்றே மூன்று பெண்களைக் கரையேற்றியவள். உத்திரமேரூருக்குத் தெற்கே கருவேலம்பாக்கத்தில் கூடும் செவ்வாய்ச் சந்தைக்கு அவள் வராத வாரங்கள், பிள்ளை பெற்ற வாரங்கள் மட்டுமே.

1974ஆம் ஆண்டு ஆடியில், பஞ்சாயத்து சந்தை வரியைக் கூடைக்குக் கால் ரூபாயிலிருந்து ஒரு ரூபாயாக உயர்த்தியது. கூடை முழுக்க விற்றாலும் சிட்டம்மாளுக்கு நிற்பது ஒன்றரை ரூபாய்தான். இனி சந்தையை விட்டுவிட்டுக் களை பறிக்கப் போக வேண்டியதுதான். பெண்கள் மனுக் கொடுத்தார்கள், தலைவர் ஏகாம்பரத்தின் வாசலில் நின்று கத்தினார்கள். அவர் மசியவில்லை.

வரி வசூலிக்கும் தாண்டவராயனைச் சிட்டம்மாள் மடக்கினாள்.

"கூடைக்கா வரி, தரைக்கா?"

"தரைக்குத்தான். கீய வெச்சா ரூபா."

"வெக்கலன்னா?"

"வெக்கலன்னா இன்னாத்துக்கும்மே வரி?" என்று சொல்லிவிட்டு அவன் போய்விட்டான்.

அடுத்த செவ்வாய் சந்தையில் ஒரு கூடைகூட இறங்கவில்லை. நாற்பது பெண்களும் தலைச்சுமையோடு நின்றே விற்றார்கள். பாகற்காய் விற்ற செங்கேணி பனைமர உயரம்.

"கொஞ்சம் குனிமே, காயே தெர்ல" என்றார் ஒருவர்.

"குனிஞ்சா வியுந்துடும், வியுந்தா ரூபா. நம்பி எடுத்துக்கோ நைனா."

தராசு பிடிக்க இரண்டு கையும் வேண்டும். அதனால் வாங்க வந்தவர்கள் கூடையைத் தம் தலையில் வாங்கிக்கொண்டார்கள். தாண்டவராயன் காலையிலிருந்து தரையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

உச்சிவேளையில் சிட்டம்மாளின் கழுத்து மரத்துப்போனது. ஒருத்தி இறக்கினால் எல்லாரும் இறக்கிவிடுவார்கள். அவள் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றபோது, காய் வாங்க வந்தாள் தலைவரின் மனைவி ஆதிலட்சுமி.

"எம்மாம் நேரமா நிக்கிற? இப்டிக் குடு" என்று கூடையை வாங்கித் தன் தலையில் வைத்துக்கொண்டாள். காய் நிறுத்து முடிந்த பிறகும் திருப்பித் தரவில்லை.

சேதி கேட்டு ஏகாம்பரம் துண்டு நழுவ ஓடிவந்தார்.

"இன்னா இது, மானம் போவுது. எறக்கு ஆதிலட்சுமி."

"எறக்கினா ரூபா. நீங்க குடுக்கறீங்களா?"

சந்தையே சிரித்தது. ஏகாம்பரம் முகத்தைக் கடுகடுவென்று வைத்துக்கொள்ளத்தான் பார்த்தார். மீசை துடித்து, அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

"பழைய வரியே இருக்கட்டும். எறக்குங்கம்மா, எறக்குங்க."

நாற்பது கூடைகளும் திமுதிமுவென்று இறங்கின. வசூலுக்கு வந்த தாண்டவராயனிடம் முதல் கால் ரூபாயை நீட்டியவள் சிட்டம்மாள். கழுத்து வளையாததால் உடம்பு முழுவதையும் திருப்பித்தான் கொடுத்தாள், சிரித்துக்கொண்டே.