கண்டக்டர் எழுதிய பின்னல் புத்தகம்

கண்டக்டருக்குப் பின்னல் சொல்லிக்கொடுத்த ஆள் யாரும் கிடையாது. புத்தகம்தான் சொல்லிக்கொடுத்தது. பழைய பேப்பர் கடையில் கட்டுக்கு நடுவில் கிடந்த, அட்டை கிழிந்த புத்தகம். ஷிப்ட் முடிந்ததும் ஊழியர்களை வீடுவீடாக இறக்கிவிடும் டிப்போ வண்டியில் கடைசி சீட்டு அவருடையது. புத்தகத்தைப் பக்கத்தில் விரித்து, தாள் புரளாமல் டிக்கெட் பையைத் தூக்கி அதன் மேல் வைத்து, படத்தைப் பார்த்துப் பார்த்துப் பின்னுவார். வண்டியை ஓட்டியது பெரும்பாலும் அவருடைய வீட்டுக்காரர்.

பின்னல் புத்தகத்தைத் திறந்தால் யாருக்கும் முதலில் பயம் வரும். பக்கம் முழுக்கக் கட்டம். கட்டத்துக்குள் புள்ளி, கோடு, சுழி. புள்ளி என்றால் ஊசியை இப்படிக் குத்து, கோடு என்றால் அப்படிக் குத்து என்று அர்த்தம். கண்டக்டருக்குப் பயம் வரவில்லை. "நம்ம ஸ்டேஜ் சார்ட் மாதிரிதானே இருக்கு" என்றாராம். எங்கே ஏறி எங்கே இறங்கினால் என்ன டிக்கெட் என்று கட்டம் போட்டுக் காட்டும் அட்டையை வேலைக்காலம் முழுக்கப் படித்த கண் அது.

அதற்கப்புறம் கையில் கிடைத்த பின்னல் புத்தகத்தையெல்லாம் வாங்கினார். குல்லா, காலுறை, ஸ்வெட்டர், சால்வை, எதையும் விடவில்லை. ஒரே ஒரு பக்கத்தை மட்டும் அவர் மதித்ததே இல்லை. எல்லாப் புத்தகமும் ஆரம்பத்தில் ஒன்று சொல்லும்: ஸ்வெட்டரைத் தொடுவதற்கு முன்னால், உள்ளங்கை அளவுக்கு ஒரு துண்டு பின்னி அளந்து பார். இதைக் கேட்டாலே கண்டக்டருக்குக் கோபம் வரும்.

"நூல் விக்கறவன் பண்ணின வேலை இது. துண்டுக்கு ஒரு பந்து நூல் போச்சா? ஸ்வெட்டர் வேணும்னா ஸ்வெட்டர் போடு. சும்மா துண்டு போட்டு யாருக்குப் பொன்னாடை போர்த்தப் போறே?"

ஓய்வு பெற்ற பிறகு எங்கள் தொழிற்சங்கக் கட்டடத்தின் மாடி அறையைக் கேட்டார். அப்போது நான் சங்கச் செயலாளர். கொடுத்தேன். பின்னலைப் பற்றி எனக்கு எந்தக் கருத்தும் கிடையாது. ஆனால் பத்துப் பேர் கூடுகிற எதையும் நான் தடுத்ததில்லை. கூட்டம் சேர்ப்பது எவ்வளவு கஷ்டம் என்று எனக்குத் தெரியும்.

மாடியில் அவர் வகுப்பு நடத்தின விதம் சுலபம். நடந்துகொண்டே இருப்பார், பஸ்ஸுக்குள் நடப்பது மாதிரி. ஒவ்வொருவர் தோளுக்குப் பின்னாலும் நின்று எட்டிப் பார்ப்பார். தப்பு தெரிந்தால் ஒரே வார்த்தை: "பிரி." போட்டது ஒரு வரிசையானாலும் ஸ்வெட்டரின் முழு முதுகானாலும் பிரிக்க வேண்டியதுதான். அதிகம் திட்டு வாங்கியவர் அவருடைய நாத்தனார், டிப்போ கேன்டீனில் கல்லாவில் உட்காருகிறவர். நாத்தனார் பின்னும்போது நூல் காற்றில் தொங்கும். "இது ஸ்வெட்டரா, மீன் பிடிக்கிற வலையா?" என்பார் கண்டக்டர். அடுத்தபடியாகத் திட்டு வாங்கியவர் டிப்போ மெக்கானிக். அவர் போடும் கண்ணிக்குள், அதாவது நூல் வளையத்துக்குள், ஊசி நுழையாது. "நட்டு முடுக்கறாப்ல முடுக்காதய்யா, நூலு கதறுது." ஆனாலும் இரண்டு பேரும் மாடியில் போட்ட ஸ்வெட்டர் அளவாகத்தான் வந்தது. கடைசியில் எல்லார் ஸ்வெட்டரும் அளவாகத்தான் வரும். அதில் கண்டக்டருக்குக் கர்வம் உண்டு.

ஒருநாள் என் மேஜைக்கு முன்னால் வந்து உட்கார்ந்தார்.

"தோழர், ஒரு புத்தகம் எழுதப் போறேன். சங்கத்து அச்சகத்துல போடணும்."

"மாடியில வகுப்பு நல்லாத்தானே நடக்குது?"

"மாடிக்கு வர முடியாதவ இருக்கா. ஏதோ ஒரு டிப்போல, கடைசி வண்டில, தனியா ஒருத்தி உக்காந்திருப்பா. நான் அப்படித்தான் உக்காந்திருந்தேன். கையப் புடிச்சுச் சொல்லித்தர அவளுக்கு யாரு இருக்கா? புத்தகம் மட்டும் வெச்சு அவ ஒரு ஸ்வெட்டர் போட்டு முடிக்கணும். யாரையும் கேக்கக் கூடாது."

இதற்கு மேல் என்னிடம் வாதாட வேண்டியதில்லை. எழுதச் சொன்னேன்.

எழுதினார். நன்றாக எழுதினார் என்றே சொல்ல வேண்டும். 'ஊசியைக் கண்ணிக்குள் விடு. நூலைச் சுற்று. இழு. பழைய கண்ணியைத் தள்ளு.' துண்டறிக்கை எழுதுகிறவன் பொறாமைப்படுகிற வாக்கியங்கள். துண்டு பின்னுகிற பக்கம் மட்டும் கிடையாது. முதல் பக்கத்திலேயே ஸ்வெட்டர். அதைப் பெருமையாக வேறு எழுதியிருந்தார்: 'இந்தப் புத்தகத்தில் வீண் வேலை இல்லை.'

எங்கள் அச்சகத்தில் ஒரு வழக்கம் உண்டு. எதை அச்சடிப்பதானாலும் முதலில் வேறு ஆளிடம் கொடுத்து, அதில் உள்ளபடி செய்யச் சொல்வோம். எழுதினவர் பக்கத்தில் இருக்கக்கூடாது, வாயும் திறக்கக்கூடாது. எனக்கு முந்தைய செயலாளர் ஒருவர், கூட்டத்துக்குத் திரண்டு வாரீர் என்று முழங்கி, எங்கே என்று எழுத மறந்துவிட்டார். அன்று ஊர் முழுக்கத் திரண்டு திரண்டு அலைந்தார்கள். அன்றிலிருந்து இந்த வழக்கம்.

கண்டக்டர் சிரித்தார். "தாராளமா பாருங்க. என் நாத்தனாரும் மெக்கானிக்கும் போடட்டும். அதுங்களுக்கே வந்துடுச்சுன்னா ஊருக்கே வரும்."

புத்தகத்தின் முதல் ஸ்வெட்டர், கையில்லாதது. கண்டக்டரின் வீட்டுக்காரர், அந்த டிரைவரின் உடம்புதான் அளவு. ஒரே நூல், புத்தகத்தில் சொன்ன ஒரே ஊசி. கண்டக்டரும் தனியாக ஒன்று போடுவார். நாத்தனார் வீடு கண்டக்டர் வீட்டுக்கு நேர் எதிரே. நாத்தனார் தன் ஜன்னலுக்குத் திரை போட்டுவிட்டார். டிரைவர் தினமும் வந்து என்னிடம் புலம்புவார்: "திரை எப்போ விலகும்னு இவ எங்க ஜன்னல்லயே நிக்கறா தோழர். வீட்ல சமையல் நான்தான்."

மூன்று ஸ்வெட்டரும் முடிந்த அன்று, மாடியில் வகுப்பு முழுக்கக் கூடியது. டிரைவரை நடுவில் நிறுத்தினோம்.

கண்டக்டர் போட்டது கச்சிதமாகப் பொருந்தியது. கை தட்டினார்கள். அடுத்தது நாத்தனார் போட்டது. தோள் முழங்கைக்கு வந்தது, கீழ் விளிம்பு முழங்காலுக்குப் போனது.

"இன்னொரு ஆளுக்கும் இடம் இருக்கு, ஏறலாம்" என்றார் டிரைவர்.

மெக்கானிக் போட்டது தலையோடு நின்றுவிட்டது. உள்ளே இருந்து குரல் மட்டும் வந்தது: "யாராவது இழுங்கப்பா, மூச்சு முட்டுது."

எல்லாரும் சிரித்தார்கள். கண்டக்டர் சிரிக்கவில்லை. நாத்தனார் போட்டதை உருவி வாங்கி வரிசை வரிசையாக எண்ணினார். மெக்கானிக் போட்டதையும் எண்ணினார். எண்ணிக்கை தப்பவில்லை. புத்தகத்தில் உள்ளபடிதான் இருந்தது.

"கவனம் இல்ல" என்றார் கண்டக்டர். "இழுத்து இழுத்துக் கெடுத்திருக்கே. பிரி."

"பிரிக்க மாட்டேன் அண்ணி" என்றார் நாத்தனார். அந்த அறையில் யாரும் அப்படிச் சொன்னதில்லை. "நீங்க எழுதினத அப்படியே போட்டேன். ஒரு கண்ணி அதிகமும் இல்ல, குறைவும் இல்ல. எதுக்குப் பிரிக்கணும்?"

"போன தடவை இதே மாடில நீ போட்டது சரியா வந்துச்சே! அது எப்படி வந்துச்சு?"

"அப்ப நீங்க என் ஊசியப் புடுங்கிட்டு ஒல்லி ஊசி குடுத்தீங்க."

"நானா? எப்போ?"

"எப்பவும்தான். பின்னாடி வந்து நிப்பீங்க. பாப்பீங்க. 'ச்சீ, குடு இங்க'ம்பீங்க. கையில வேற ஊசி இருக்கும்."

"எனக்குத் தடி ஊசி குடுப்பீங்க" என்றார் மெக்கானிக். "உங்க பைல எதுவோ கையில சிக்கினதக் குடுக்கறீங்கன்னு நெனச்சேன்."

வகுப்பில் ஒவ்வொருவராகச் சொன்னார்கள். இவருக்கு ஒல்லி, அவருக்கு நடுத்தரம். தளர்ந்த கைக்கு ஒல்லி ஊசி கண்ணியைச் சின்னதாக்கும், இறுகிய கைக்குத் தடி ஊசி பெரிதாக்கும். கண்டக்டர் ஆள் ஆளாகத் திரும்பிப் பார்த்தார். தான் அப்படிச் செய்தது அவருக்கு நிஜமாகவே தெரியாது. தோளுக்குப் பின்னால் நிற்கும்போது கண் பார்க்கும், கை மாற்றிக்கொடுக்கும், வாய் திட்டிக்கொண்டிருக்கும். திட்டினது மட்டும்தான் அவருக்கு ஞாபகம்.

"அப்ப என் அளவு எல்லாருக்கும் வராதா?" என்றார்.

டிரைவர்தான் பதில் சொன்னார். ஸ்வெட்டரை உருவினதில் தலைமுடி எல்லாம் குத்திட்டு நின்றது. "உன் கையே இறுக்கக் கைதானே. ஓடற வண்டில உக்காந்து கத்துக்கிட்டவ நீ. நான் பிரேக் போடறப்பல்லாம் கண்ணி கழண்டுடக் கூடாதுன்னு நூல இறுக்கிப் புடிச்சுப் புடிச்சுப் பழகிட்டே. உக்காந்த எடத்துல நிம்மதியாப் போடறவங்களுக்கு அது எப்படி வரும்?"

"அதுக்கும் உங்க பிரேக்குதான் காரணமா? பெருமை பேச எடம் பாக்கறீங்க." சொன்னாரே தவிர, குரலில் வேகம் இல்லை. ஸ்வெட்டர்களை மடித்தார். அந்தத் தனி ஆள், கடைசி வண்டியில் உட்கார்ந்திருப்பவள், அவளுக்கு ஊசியை மாற்றிக்கொடுக்க யாரும் பின்னால் நிற்க மாட்டார்கள். அவள் முழுதாகப் போட்டு முடித்து, தலையில் மாட்டிப் பார்த்து, தனக்குத்தான் கை சரியில்லை என்று ஊசியைத் தூக்கிப் போட்டுவிடுவாள்.

அச்சுக்கோத்து எல்லாம் தயாராக இருந்தது. அந்த வாரம் விட்டால் சங்க மாநாட்டு அச்சு வேலை வந்துவிடும். அப்புறம் பல மாதம் இயந்திரம் கிடைக்காது. நான் வழி சொன்னேன்: திருத்தம் ஒன்றைச் சின்னத் தாளில் அடித்து உள்ளே வைத்துவிடலாம்.

"வேணாம் தோழர். தாள் கீழ விழுந்துடும். டிக்கெட்டையே பத்திரமா வெச்சுக்கத் தெரியாத ஜனம். பின்னாடி நின்னு எத்தன பேர்கிட்ட 'டிக்கெட் எங்க'ன்னு கத்தியிருக்கேன்." புத்தகத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டு போனார்.

அதற்கப்புறம் எதிர்வீட்டுக்குப் போய் உட்கார ஆரம்பித்தார். திருத்துவதற்கு அல்ல, பார்ப்பதற்கு. தன் கண் எதைப் பார்த்து ஊசியை மாற்றச் சொல்கிறது என்று அவருக்கே தெரியவில்லை. தெரியாததை எழுத முடியாது. நாத்தனார் பின்னுவார், இவர் பார்ப்பார்.

"அண்ணி, இப்படி மொறச்சா கை வராது."

"நான் மொறைக்கல. படிக்கறேன். நீ பாட்டுக்குப் போடு."

"பிரின்னு சொல்லணும்போல இருக்குதா?"

"நாக்கு நமநமங்குது. போடு."

கடைசியில் அவர் வந்து சேர்ந்தது, எந்தப் பக்கத்தை இத்தனை காலம் திட்டினாரோ அதே பக்கத்துக்கு. அதையும் தன் வழியில் எழுதினார். ஒரு பக்கத்தில் வெறும் சதுரம் வரைந்து, கீழே இப்படிப் போட்டார்: 'இவ்வளவு கண்ணி, இவ்வளவு வரிசை பின்னி இந்தச் சதுரத்தின் மேல் வை. துண்டு வெளியே வழிந்தால் ஒல்லி ஊசி எடு. சதுரம் வெளியே தெரிந்தால் தடி ஊசி எடு. சரியாக மூடும்வரை அடுத்த பக்கத்தைத் திருப்பாதே. உன் கையில் குறை இல்லை. கைக்குக் கை வேறு.' வீண் வேலை இல்லை என்ற வரியை அவரே அடித்தார்.

மாநாடு முடிந்து இயந்திரம் காலியானதும் மறுபடி சோதனை. இந்தத் தடவை வகுப்புக்கு வந்த யாரிடமும் நான் கொடுக்கவில்லை. அச்சகத்தில் தாள் வெட்டுகிறவரிடம் கொடுத்தேன். அவர் வாழ்நாளில் ஊசி பிடித்தவர் இல்லை. முனகிக்கொண்டே எடுத்துப் போனார். துண்டு பின்னினாராம், பெரிதாக வந்ததாம், ஊசி மாற்றினாராம். யாரையும் கேட்கவில்லை.

அவர் கொண்டுவந்ததை டிரைவர் மாட்டினார். தலை நுழைந்தது. தோள் தோளில் நின்றது. விளிம்பு இடுப்பில் நின்றது. கண்டக்டர் சுற்றி வந்து பார்த்தார். கழற்றச் சொல்லி, உள்பக்கம் திருப்பி, விரலால் தடவிக்கொண்டே போனார். தோள்பட்டைக்குக் கீழே விரல் நின்றது.

"இந்தா பாரு. இங்க ஒரு கண்ணி விட்டுப் போயிருக்கு." பையில் இருந்து ஊசியை எடுத்தார்.

நாத்தனார் அவர் கையைப் பிடித்தார். "விடுங்க அண்ணி. அது அவரு விட்டது. உங்க புத்தகம் விட்டது இல்ல."

கண்டக்டர் அந்த ஓட்டைக்குள் சுண்டு விரலை விட்டுப் பார்த்தார். பிறகு ஊசியைப் பையில் போட்டுவிட்டு, ஸ்வெட்டரைத் தாள் வெட்டுகிறவரிடமே கொடுத்தார்.

"அச்சடிங்க தோழர்" என்றார்.